பொம்பெயியின் தந்தப் பெண்: ஓர் எழுத்து, ஒரு துளை, ஒரு பெயர்

நேப்பிள்ஸ் நகரின் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் ‘இரகசிய அறை’ என்றொரு பகுதி உண்டு. பொம்பெயி, ஹெர்குலேனியம் அகழாய்வுகளில் கிடைத்த பாலுணர்வு சார்ந்த ஓவியங்களையும் சிற்பங்களையும் 1819இல் தனியே பிரித்துப் பூட்டி வைத்ததில் தொடங்கியது அதன் வரலாறு. பொதுமக்களுக்கு அது முறையாகத் திறக்கப்பட்டது 2000ஆம் ஆண்டில்தான். அந்த ரோமானியப் பொருள்களுக்கு நடுவே, சுமார் 24 செ.மீ. உயரமுள்ள இந்தியத் தந்தச் சிற்பம் ஒன்றும் சேர்க்கப்பட்டுள்ளது.

1938 அக்டோபரில், பொம்பெயியின் அபொந்தான்சா வீதியை ஒட்டிய ஒரு வீட்டில் இது கிடைத்தது. அந்த வீட்டுக்கே பின்னர் ‘இந்தியச் சிற்ப வீடு’ என்று பெயர் வந்தது. அகழாய்வை நடத்திய அமெதியோ மையூரி, கண்டெடுத்த சில மாதங்களுக்குள் வெளியிட்ட கட்டுரையில் இந்தப் பெண் உருவை இலட்சுமி என்று அடையாளம் கண்டார். அன்று தொட்டு ‘பொம்பெயி இலட்சுமி’ என்ற பெயர் நூல்களிலும் பாடப் புத்தகங்களிலும் நிலைத்துவிட்டது. பின்வந்தோர் பலர் இதை யட்சி என்றனர்; சிலர் கணிகை என்றனர். பெயர் மட்டும் மாறவில்லை. அந்தப் பெயர் சிற்பத்தின் மிக முக்கியமான இரண்டு சான்றுகளை மறைத்துவிட்டது என்பதே என் வாதம். ஒன்று, அடிப்பாகத்தில் உள்ள ஒற்றை எழுத்து. மற்றொன்று, உச்சந்தலையிலிருந்து கீழ்நோக்கிச் செல்லும் துளை.

மையூரியின் வாசிப்பை எளிதில் தள்ளிவிட முடியாது. முதலில் அதற்குச் சாதகமானவற்றைப் பார்ப்போம். நடுவில் ஒரு பெண். இருபுறமும் அவள் தொடையளவு உயரத்தில் இரண்டு பணிப்பெண்கள். நடுவில் நிற்பவளுக்கு ஆடை என்று சொல்லத்தக்கது ஏதுமில்லை. இடையில் மேகலை, கழுத்தில் ஆரம், முன்கைகளில் அடுக்கடுக்காக வளைகள், கால்களில் கனத்த தண்டைகள். தலை அலங்காரம் விரிவானது. பின்புறத்தில் பின்னல் நீண்டு தொங்குகிறது. செல்வமும் அழகும் வளமையும் ஒருங்கே திரண்ட உருவம். திருமகளை மனத்தில் கொண்டவருக்கு அந்தப் பெயர் தோன்றியது இயல்பே. இருபக்கமும் துணை உருவங்கள் நிற்க நடுவில் ஒருத்தி என்ற அமைப்பும் வழிபாட்டுப் படிமத்தை நினைவூட்டும்.

ஆனால் அந்தக் காலத்தில் இலட்சுமியை இலட்சுமி என்று அறிவிக்கும் அடையாளங்கள் எவை? பார்ஹூத்திலும் சாஞ்சியிலும் அவள் தாமரையில் இருப்பாள். இரு யானைகள் துதிக்கையால் நீராட்டும். பொம்பெயிச் சிற்பத்தில் யானை இல்லை, திருமுழுக்கு இல்லை. பணிப்பெண்கள் நடுவில் இருப்பவளை நோக்கி வணங்கவுமில்லை. வெளிப்புறம் பார்த்தபடி ஒப்பனைப் பொருள்கள் வைக்கும் கலங்களை ஏந்தியிருக்கிறார்கள். இது கருவறையின் காட்சி அல்ல, ஒப்பனை அறையின் காட்சி.

இங்கே எனக்கு எதிராக வலுவான சான்று ஒன்று உண்டு. கல்கத்தா இந்திய அருங்காட்சியகத்தில் உள்ள பார்ஹூத் தூண்களில் ஒன்றில் நிற்கும் பெண்ணுக்கு மேலே ‘சிரிமா தேவதா’ என்று பிராமியில் எழுதியிருக்கிறது. அவளுக்கும் யானைகள் இல்லை. அப்படியானால் அடையாளங்கள் இல்லாமலும் திருமகள் இருக்கலாம் அல்லவா? இருக்கலாம். ஆனால் அவளைச் சிரிமா என்று நாம் அறிவது பெயர் எழுதியிருப்பதால்தான். பெயரை அழித்துவிட்டால் பார்ஹூத்தின் மற்ற யட்சிகளிலிருந்து அவளைப் பிரித்துச் சொல்ல எவராலும் ஆகாது. ஆகவே இந்தச் சான்று மையூரிக்கு உதவுவதைவிட எச்சரிக்கையாகவே அமைகிறது: இப்படிப்பட்ட உருவத்துக்குத் தெய்வப் பெயர் சூட்ட எழுத்துச் சான்று வேண்டும்.

பொம்பெயிச் சிற்பத்திலும் எழுத்து இருக்கிறது. ஆனால் ஒன்றே ஒன்று. அது வடமேற்கு இந்தியாவில் வழங்கிய, வலமிருந்து இடமாக எழுதப்பட்ட கரோஷ்டி எழுத்து. ‘ஶி’ என்று படிக்கப்பட்டுள்ளது. கரோஷ்டியில் ஶகரம் கவிழ்த்து வைத்த பானைவாய்போல் இருக்கும். அதைக் குறுக்கே வெட்டும் சாய்கோடு இகரத்தைக் குறிக்கும். யகரமும் ஏறக்குறைய அதே உருவம். தலை தட்டையாக இருந்தால் ஶகரம், கூர்ந்திருந்தால் யகரம். கல்லில் வெட்டிய நீண்ட சாசனத்திலேயே இவ்விரண்டும் மயங்குவதுண்டு. தந்தத்தில் கீறிய ஓர் எழுத்தில், பக்கத்தில் ஒப்பிட வேறு எழுத்தில்லாத நிலையில், ‘யி’ என்ற மாற்றுப் பாடத்தை முற்றாக விலக்க முடியாது. ‘ஶி’ என்ற பாடத்தையே ஏற்று மேலே செல்கிறேன். அதன் மீது பெரிய மாளிகை எழுப்பக் கூடாது என்ற நினைவோடு.

அப்படி எழுப்ப ஆசை வரத்தான் செய்யும். ‘ஶி’ என்பது ‘சிரி’யின் முதலெழுத்தாக இருக்கலாமே, அதாவது ஸ்ரீ, திருமகள்! மையூரி பக்கம் நின்று வாதிடுபவருக்கு இதைவிட இனிய சான்று கிடைக்காது. ஆனால் சாஞ்சித் தெற்குத் தோரணவாயிலில் ‘சிரி’ என்ற சொல் சாதகர்ணி மன்னனின் பெயருக்கு முன்னால் வருகிறது. அங்கே அது மரியாதை அடைமொழி, தெய்வப் பெயர் அல்ல. ஓர் எழுத்தைச் சொல்லாக விரித்து, அந்தச் சொல்லைத் தெய்வமாக உயர்த்துவது ஆய்வு ஆகாது. மேலும் தெய்வத்தின் பெயரை எழுதுபவர், பார்ப்பவர் கண்ணில் படும் இடத்தில் எழுதுவார். அடிப்பாகத்தில் எழுதுவது வேறு நோக்கத்துக்கு.

அந்த நோக்கம் நம் ஊர்த் தச்சர்களுக்கும் சிற்பிகளுக்கும் நன்றாகத் தெரிந்தது. கோயில் திருப்பணிக்காக மண்டபத்தைப் பிரிக்கும்போது ஒவ்வொரு கல்லிலும் எண்ணிட்டு வைப்பார்கள். இல்லாவிட்டால் எந்தக் கல் எந்தத் தூணின் மேல் இருந்தது என்று பிறகு தெரியாது. ஆப்கானிஸ்தானின் பேக்ராமில் 1937, 1939ஆம் ஆண்டுகளில் கிடைத்த தந்தப் பலகைகளிலும் பிராமி, கரோஷ்டி எழுத்துகள் இத்தகைய பொருத்துக் குறிகளாகக் காணப்படுகின்றன. அவை இருக்கை முதலிய மரச்சாமான்களை அலங்கரித்தவை.

இங்கேதான் துளை முக்கியமாகிறது. உச்சந்தலையில் தொடங்கும் துளை, இதன் மேல் வேறொன்று பொருந்தியிருந்தது என்பதைச் சொல்கிறது. கண்ணாடிக் கைப்பிடி என்பது பரவலான விளக்கம். எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. கைப்பிடிக்கு ஒரே இணைப்புப் போதும். அதற்குப் பொருத்துக் குறி எதற்கு? ஒன்றுபோல் பல துண்டுகள் இருந்து, எது எங்கே என்று குழப்பம் வரும்போதுதான் குறி தேவைப்படும். இருபுறமும் உருவங்கள் புடைத்து நிற்கும் இந்தச் சிற்பத்தைக் கையில் இறுகப் பிடிப்பதும் எளிதல்ல. சிறிய மேசைக்கோ தாங்கிக்கோ காலாக நின்ற பல துண்டுகளில் இது ஒன்று என்பதே எழுத்துக்கும் துளைக்கும் ஒருசேரப் பொருந்தும் விளக்கம். ‘தனித்து நிற்கும் தேவி’ என்ற பெயர் இந்தச் சாத்தியத்தைச் சிந்திக்கவே விடவில்லை.

என் விளக்கத்திலும் ஓர் இடர் உண்டு. வரிசைக் குறி என்றால் அ, ர, ப, ச, ந என்று கரோஷ்டி நெடுங்கணக்கின் எழுத்துகள் வெறுமனே வரவேண்டும். இகரம் ஏறிய ‘ஶி’ அந்த வரிசையில் ஏன் வந்தது? செய்தவர் பெயரின் முதலெழுத்தா, செய்வித்தவர் பெயரா? இதற்கு என்னிடம் விடையில்லை. இதன் கூட்டுத் துண்டு ஒன்று கிடைத்தாலொழிய விடை கிடைக்கும் என்றும் தோன்றவில்லை.

இனி இடம். முதலில் மதுரா என்றனர். கரோஷ்டி எழுத்தைக் கொண்டு வடமேற்குப் பகுதியிலிருந்து வந்தது, அல்லது அவ்வழியே கடந்தது என்றனர். பின்னர் மராட்டியத்தின் தேர், போகர்தன் ஆகிய ஊர்களில் இதை ஒத்த தந்த உருவங்கள் கிடைத்தபோது தக்காணம் முன்னுக்கு வந்தது. தேர் என்பது, முதல் நூற்றாண்டுக் கிரேக்கக் கடல்வழி நூலான பெரிப்ளூஸ் கூறும் தகரா. அங்கிருந்தும் பைத்தானிலிருந்தும் சரக்குகள் வண்டிகளில் பரூகச்சத்துக்கு, அதாவது இன்றைய பரூச்சுக்குச் சென்றன என்றும், அத்துறையின் ஏற்றுமதியில் தந்தமும் உண்டு என்றும் அந்நூல் கூறுகிறது. சாஞ்சித் தெற்கு வாயிலில் உருவவேலை செய்தவர்கள் விதிசையின் தந்த வினைஞர்கள் என்று அங்குள்ள பொறிப்பே சொல்கிறது. கல்லில் அந்தக் கைகள் வடித்த பெண்ணுருவங்களுக்கும் பொம்பெயிப் பெண்ணுக்கும் உள்ள உறவு கண்ணுக்குத் தெரிகிறது.

தக்காணத்தில் செய்ததென்றால் கரோஷ்டி எப்படி வந்தது? இந்தக் கேள்வியைத் தடையாகக் கருதுவோர், எழுத்து செய்த ஊரைக் காட்டும் என்று கொள்கிறார்கள். எழுத்து காட்டுவது எழுதியவரின் பழக்கத்தை மட்டுமே. எகிப்தின் குசெய்ர் அல் காதிமில் தமிழ்ப் பிராமியில் கண்ணன், சாத்தன் பெயர்கள் கிடைத்தன. அவை தமிழர் அங்கே சென்றதைக் காட்டுகின்றன. பொருத்துக் குறியை இட்டவர் செதுக்கியவராகத்தான் இருக்க வேண்டும் என்பதும் இல்லை, பொருத்தியவராக இருக்கலாம். அதோடு, கரோஷ்டி மேற்கிந்தியாவுக்கு அந்நியமும் அல்ல. சகச் சத்திரபரான பூமகனின் செப்புக் காசுகளில் பிராமியோடு கரோஷ்டியும் உண்டு. அவருக்குப் பின்வந்த நகபானனின் வெள்ளிக் காசுகளில் கிரேக்கம், பிராமி, கரோஷ்டி மூன்றும் உண்டு. நாசிக் அருகே ஜோகல்தம்பியில் 1906இல் கிடைத்த பதின்மூன்றாயிரத்துக்கும் மேற்பட்ட காசுகள் இதற்குச் சாட்சி. பரூகச்சப் பகுதியின் அரசே கரோஷ்டியைக் காசில் பொறித்ததென்றால், அங்கே பொருள் பொருத்திய ஒரு வினைஞருக்கு அது தெரிந்திருப்பதில் வியப்பில்லை.

இந்த வாதத்தின் பலவீனம் காலத்தில் இருக்கிறது. அதை மறைக்க விரும்பவில்லை. நகபானன் காலக் கல்வெட்டுகளில் வரும் 41 முதல் 46 வரையான ஆண்டுகளைச் சக ஆண்டுகளாகக் கொண்டால் அவர் காலம் பொ.ஆ. 119–124 ஆகும். பொம்பெயியோ 79இல் சாம்பலுக்குள் போய்விட்டது. பெரிப்ளூஸ் குறிப்பிடும் அரசர் அவரே என்று கொண்டால்தான் அவரை முதல் நூற்றாண்டின் நடுப்பகுதிக்கு நகர்த்த முடியும். இரண்டாவது முடிவே எனக்கு ஏற்புடையது. ஆனால் இது தீர்ந்த வழக்கு அல்ல. முதல் முடிவு சரியென்றால், நகபானனுக்கு முந்திய பூமகனின் காசுகளை மட்டுமே நான் துணைக்கு அழைக்க முடியும். சாஞ்சி வாயிலின் சாதகர்ணி எந்தச் சாதகர்ணி என்பதிலும் கருத்து வேறுபாடு நீடிக்கிறது. எரிமலை வெடித்தது ஆகஸ்டிலா அக்டோபரிலா என்பதுகூட, 2018இல் வெளிப்பட்ட ஒரு கரிக்கோட்டு எழுத்தால் மீண்டும் கேள்வியாகியிருக்கிறது.

தந்தம் முசிறியிலிருந்தும் ரோமுக்குச் சென்றது. ஆகவே இந்தச் சிற்பத்தை நம் துறைமுகங்களோடு சேர்த்துச் சொல்ல நமக்கு ஆசை வரும். அதற்குச் சான்றில்லை. தமிழகத்தின் கடல் வணிகத்துக்கு நிறையச் சான்றுகள் இருக்கும்போது இல்லாத ஒன்றைச் சேர்த்துக்கொள்வது நமக்குப் பெருமை சேர்க்காது.

அருங்காட்சியகத்தில் ஒரு பொருளை வைக்கும் இடமும் சூட்டும் பெயரும் வாசிப்புகளே. ‘இரகசிய அறை’ இவளைப் பாலுணர்வுப் பொருளாக்கியது. ‘இலட்சுமி’ என்ற பெயர் தெய்வமாக்கியது. இரண்டும் செய்த கையை மறந்தன. தமிழில் இதைப் பற்றி எழுதுவோர் ‘பொம்பெயியின் தந்தப் பெண்’ என்றே குறிப்பிட வேண்டுகிறேன். இவளைப் பற்றி ஐயமின்றிச் சொல்லக்கூடியவை மூன்று: இந்தியக் கை செதுக்கியது, கரோஷ்டி அறிந்த ஒருவர் குறி இட்டது, பொ.ஆ. 79க்குப் பிந்தியது அல்ல.