ஐந்து புள்ளி நடந்த கதை

கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகக் கணிதத் துறையின் பொது அறையில் தேநீர் நேரம் முடிந்தும் சிலர் எழுந்து போகமாட்டார்கள். 1970-ஐ ஒட்டிய காலம் அது. மேசையில் ‘கோ’ ஆட்டப் பலகை, அதன்மேல் கறுப்பும் வெள்ளையுமாகக் காய்கள். ஆனால் யாரும் கோ ஆடவில்லை. காய்களை வைப்பார்கள், எண்ணுவார்கள், சிலவற்றை எடுப்பார்கள், மறுபடி எண்ணுவார்கள். பலகையில் இடம் போதாமல் காய்கள் தரைக்கும் இறங்கின. இத்தனைக்கும் நடுவே இருந்தவர் ஜான் ஹார்ட்டன் கான்வே. லிவர்பூலில் 1937-இல் பிறந்த கணித மேதை.

அவர் தேடிக்கொண்டிருந்தது ஓர் உலகம். நான்கு பக்கமும் முடிவில்லாமல் விரியும் கட்டங்களின் தளம். அதில் வடிவங்களே உயிர்கள்.

அந்த உலகத்துக்கு ஒரு முன்கதை உண்டு. ஓர் இயந்திரம் தன்னைப் போலவே இன்னொன்றைத் தானே செய்துகொள்ள முடியுமா என்று 1940-களில் கணித அறிஞர் ஜான் வான் நியூமன் யோசித்தார். கட்டம் போட்ட தளத்தில் அதைச் செய்துபார்க்கலாம் என்று வழிசொன்னவர் அவருடைய நண்பர் ஸ்டானிஸ்லாவ் உலாம். முடியும் என்று வான் நியூமன் காட்டினார். ஆனால் அவருடைய தளத்தில் ஒவ்வொரு கட்டமும் 29 நிலைகளில் ஏதாவது ஒன்றில் இருக்கலாம். கான்வேக்கு அத்தனை நிலைகள் தேவையில்லை என்று பட்டது. உயிர் உண்டு அல்லது இல்லை என்ற இரண்டு நிலையிலேயே இதெல்லாம் நடக்குமா? அதற்காக விதிகளை மாற்றி மாற்றிச் சோதித்தார். சில விதிகளில் எல்லாம் சட்டென்று செத்தன. சிலவற்றில் புற்றுபோலப் பெருகின. இரண்டுக்கும் நடுவே ஒரு விதி சிக்கியது.

ஒரு கட்டத்தைச் சுற்றி எட்டு அண்டைக் கட்டங்கள். உயிருள்ள கட்டத்துக்கு இரண்டோ மூன்றோ உயிருள்ள அண்டை இருந்தால் அது பிழைக்கும். அதற்குக் குறைந்தால் தனிமையில் சாகும், கூடினால் நெரிசலில் சாகும். வெறும் கட்டத்தைச் சுற்றிச் சரியாக மூன்று உயிர் இருந்தால் அங்கே ஒன்று பிறக்கும். எல்லாக் கட்டங்களுக்கும் ஒரே நேரத்தில் இது நடக்கும். அது ஒரு தலைமுறை. அங்கே வேறு சட்டமே இல்லை. அந்த உலகத்தின் பெயர் ‘லைஃப்’.

புள்ளிக்கோலம் போட்டுப் பழகியவர்களுக்கு இந்தத் தளம் அந்நியமாக இருக்காது. நம் வாசலில் புள்ளியைச் சுற்றி இழையை இழுப்பது கை. இங்கே புள்ளிகளை வைத்ததும் கையை எடுத்துவிட வேண்டும். மிச்சத்தைக் கோலமே போட்டுக்கொள்ளும்.

காய்களை வைத்துப் பார்த்தவர்கள் ஒவ்வொரு உயிராக அடையாளம் கண்டு பெயரிட்டார்கள். நான்கு கட்டங்கள் சதுரமாகச் சேர்ந்தால் அசையாத ‘பிளாக்’. மூன்று வரிசையாக நின்றால், படுத்தும் நிமிர்ந்தும் மாறிக்கொண்டேயிருக்கும் ‘பிளிங்கர்’. ஆறு சேர்ந்தது ‘தேன்கூடு’. ஆனால் ஐந்தே கட்டங்களாலான ‘ஆர்-பென்டோமினோ’ என்ற வடிவம் மட்டும் அடங்க மறுத்தது. கான்வே அதை 460 தலைமுறை வரை துரத்தினார். பின்னாளில் கணினிதான் அதன் முடிவைக் கண்டது. 1103-ஆம் தலைமுறையில் அது அமைதியாகும்போது 116 கட்டங்கள் உயிரோடிருக்கும்.

அந்த வடிவத்தைப் பின்தொடர்ந்தபோதுதான் ரிச்சர்ட் கை என்ற கணிதர் ஒரு விசித்திரத்தைக் கவனித்தார். ஐந்து புள்ளிகள் கொண்ட ஒரு சிறு துண்டு, நான்கு தலைமுறைக்கு ஒருமுறை பழைய உருவத்துக்கே திரும்பியது, ஆனால் மூலைவாக்கில் ஒரு கட்டம் தள்ளி. புள்ளிகள் நடந்துகொண்டிருந்தன! அதற்கு ‘கிளைடர்’ என்று பெயர் வைத்தார்கள். இந்த உலகத்தின் சரித்திரத்தில் இதைவிடப் பெரிய நாள் கிடையாது. நகர்வது ஒன்று இருந்தால் செய்தி போகும், செய்தி போனால் கணக்கு நடக்கும்.

1970 அக்டோபரில் ‘சயன்டிஃபிக் அமெரிக்கன்’ இதழின் கணித விளையாட்டுப் பகுதியில் மார்ட்டின் கார்ட்னர் இதை வெளியே சொன்னார். அங்கே எந்த வடிவமும் முடிவில்லாமல் பெருகாது என்பது கான்வேயின் ஊகம். அதை அந்த ஆண்டு முடிவதற்குள் நிரூபிப்பவருக்கோ உடைப்பவருக்கோ 50 டாலர் பரிசு என்றார். நவம்பரிலேயே உடைந்தது. எம்.ஐ.டி.யில் இருந்த பில் கோஸ்பரின் குழு 30 தலைமுறைக்கு ஒரு கிளைடரைக் கக்கிக்கொண்டேயிருக்கும் ‘துப்பாக்கி’யைக் கண்டுபிடித்தது. உண்டாக்கியவரின் கணிப்பே தன் உலகத்தில் பொய்த்துப்போனது. ஆகவே கான்வே இதை உண்டாக்கினார் என்பதைவிடக் கண்டெடுத்தார் என்பதே பொருத்தம். விதி மட்டும் அவருடையது, அதில் வாழ்பவை அவருக்கும் புதியவை.

அதன்பின் கதவு திறந்தது. கணினி நேரம் கிடைத்த இடத்திலெல்லாம் ஆட்கள் இந்தத் தளத்தில் இறங்கினார்கள். 1971 முதல் ராபர்ட் வெயின்ரைட் ‘லைஃப்லைன்’ என்ற சிற்றிதழையே நடத்தினார். எந்த முன் தலைமுறையிலிருந்தும் வந்திருக்க முடியாத, முதலில் மட்டுமே இருக்கக்கூடிய வடிவங்களுக்கு ‘ஏதேன் தோட்டம்’ என்று பெயர். அவற்றில் ஒன்றையும் அப்போதே பிடித்தார்கள். கணினி செய்யும் எந்தக் கணக்கையும் இந்தத் தளம் செய்யும் என்பதற்கான நிரூபணம் 1982-இல் பெர்லகாம்ப், கான்வே, கை மூவரும் எழுதிய நூலில் வந்தது. 2000-இல் பால் ரெண்டல், கணினியின் அடிப்படை மாதிரியான டூரிங் இயந்திரம் ஒன்றையே அங்கே கட்டி ஓடவிட்டார்.

வான் நியூமனின் பழைய கேள்வியும் திரும்பி வந்தது. 2010-இல் ஆண்ட்ரூ வேட் அமைத்த ‘ஜெமினி’, தன் நகலைச் சற்றுத் தள்ளிக் கட்டிவிட்டுப் பழைய உடலை அழித்துக்கொள்கிறது. ஒருமுறை அப்படிச் செய்ய ஏறக்குறைய 3 கோடியே 37 லட்சம் தலைமுறை ஆகிறது. பிளிங்கரைப் போல, குறிப்பிட்ட தலைமுறைக்கு ஒருமுறை நின்ற இடத்திலேயே பழைய உருவத்துக்குத் திரும்பும் வடிவம் எல்லா எண்ணுக்கும் உண்டா என்ற இன்னொரு கேள்வியும் ஐம்பது ஆண்டுக்கு மேல் நின்றது. எஞ்சியிருந்த 19, 41 என்ற இரண்டு எண்களுக்கும் 2023-இல்தான் வடிவங்கள் கிடைத்தன. கான்வே அதைப் பார்க்கவில்லை. 2020 ஏப்ரல் 11 அன்று கொரோனா தொற்று அவரைக் கொண்டுபோனது. தன் மற்றப் பெரிய கணிதப் பணிகளை இந்த விளையாட்டு மறைத்துவிட்டதே என்ற வருத்தம் அவருக்குப் பல காலம் இருந்தது. அது நியாயமான வருத்தம்தான்.

வீட்டில் குழந்தைகள் இருந்தால் இன்றே தரையில் சாக்பீஸால் கட்டம் போடுங்கள். புளியங்கொட்டை போதும். மூன்றுக்கு மூன்று கட்டத்தில், மேல் வரிசையின் நடுக்கட்டத்தில் ஒன்று, அடுத்த வரிசையின் வலக் கட்டத்தில் ஒன்று, அதன் கீழ்வரிசையில் தொடர்ந்து மூன்று. விதியைச் சொல்லிக்கொடுத்து நான்கு தலைமுறை கைப்பட எண்ணவையுங்கள். ஐந்து கொட்டையும் அதே உருவில், மூலைவாக்கில் வலப்பக்கமாக ஒரு கட்டம் கீழே இறங்கி நிற்கும்.