அயனி: திசையும் மின்சுமையும்

1834ஆம் ஆண்டில் மைக்கேல் ஃபாரடே, மின்னாற்பகுப்பில் மின்வாய்களை நோக்கி நகரும் கூறுகளுக்குப் பெயர் தேடினார். கேம்பிரிட்ஜ் அறிஞர் வில்லியம் ஹியூவெல், 'செல்வது' எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லைப் பரிந்துரைத்தார். அதுவே தமிழில் 'அயனி' ஆயிற்று. 'கேத்தோடு' நோக்கிச் செல்வது கேட்டயான். 'ஆனோடு' நோக்கிச் செல்வது ஆனயான். இப்பெயர்கள் திசையையே சுட்டின.

எலக்ட்ரான் 1897இல்தான் கண்டறியப்பட்டது. சோடியம் ஓர் எலக்ட்ரானை இழந்து +1 மின்சுமையும், கால்சியம் இரண்டை இழந்து +2 மின்சுமையும், குளோரின் ஒன்றை ஏற்று −1 மின்சுமையும் பெறுவதன் காரணம் அதன் பின்னரே விளங்கிற்று.

நேரயனி, எதிரயனி என்னும் தமிழ்ச் சொற்களோ மின்சுமையையே உரைக்கின்றன. நேரயனி எதிர்மின்வாயை நாடும். மாணவர் மயங்கும் இடம் இதுவே. சொல்லின் வரலாற்றையும் சேர்த்துக் கற்பித்தால் அம்மயக்கம் நீங்கும்.