மன்னரிடம் முறையிட்ட குடியேற்றங்கள்

1776 ஜூலை 4 அன்று பிலடெல்பியாவில் ஏற்கப்பட்ட அமெரிக்க விடுதலைப் பிரகடனம், பிரிட்டனின் மூன்றாம் ஜார்ஜ் மன்னரைக் கொடுங்கோலர் என்று சாடி, அவர் இழைத்ததாக 27 குற்றங்களை ஒன்றன்பின் ஒன்றாக எடுத்துரைக்கிறது. ஆனால் அதற்கு முந்தைய பத்தாண்டுகளில் அமெரிக்கக் குடியேற்றங்களின் மீது வரி விதித்ததும், பாஸ்டன் துறைமுகத்தை மூடச் சட்டம் இயற்றியதும், மசாசூசெட்ஸின் ஆட்சி அமைப்பை மாற்றியதும் லண்டன் நாடாளுமன்றமே. அந்த நாடாளுமன்றத்தின் பெயர் குற்றப் பட்டியலில் ஓரிடத்திலும் இல்லை. மன்னர் வேறு சிலரோடு கூடிக்கொண்டு தங்களை அந்நிய அதிகாரத்துக்கு உட்படுத்தினார் என்ற மறைமுகக் குறிப்போடு அதைப் பற்றிய பேச்சு முடிந்துவிடுகிறது. இந்த விடுபடல் தற்செயலானதன்று. கடைசி இரண்டாண்டுகளில் குடியேற்றங்கள் தங்கள் நம்பிக்கை முழுவதையும் மன்னர் மீதே வைத்திருந்தன என்பதும், அவர் கைவிட்டபோதுதான் உறவு அறுந்தது என்பதும் இந்த வரலாற்றின் மையமான செய்திகள். பிற்காலப் பாடநூல்கள் வரைந்த கொடுங்கோலர் சித்திரத்தில் இவ்விரண்டும் மங்கிப்போயின.

குடியேற்றங்கள் பலவும் தங்கள் உரிமைக்கு ஆதாரமாகக் காட்டியவை பட்டயங்கள், அதாவது ஒரு நிலப்பரப்பில் குடியேறவும் ஆட்சி நடத்தவும் அரசர் தம் முத்திரையிட்டு வழங்கிய ஆவணங்கள். வர்ஜீனியாவுக்கு 1606இலும், மசாசூசெட்ஸுக்கு 1629இலும், பென்சில்வேனியாவுக்கு 1681இலும் வழங்கப்பட்ட இப்பட்டயங்களில் கையொப்பம் மன்னருடையதேயன்றி நாடாளுமன்றத்தினுடையது அன்று. பெரும்பாலான குடியேற்றங்களில் ஆளுநரை நியமித்தவர் மன்னர். அங்குள்ள மக்கள் தேர்ந்தெடுத்த சட்டமன்றம் இயற்றிய சட்டத்தை ஆளுநர் தள்ளலாம், அவர் ஏற்றாலும் லண்டனிலிருந்த மன்னரின் ஆலோசனை அவையான பிரிவி கவுன்சில் பின்னர் அதை ரத்து செய்யலாம். பிரிட்டனிலோ 1688ஆம் ஆண்டுப் புரட்சிக்குப் பின் மன்னரின் கை பெரிதும் கட்டப்பட்டிருந்தது. நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டத்துக்கு இசைவு மறுக்கும் உரிமை, இன்று வீட்டோ என்று பரவலாக அறியப்படும் மறுப்பு அதிகாரம், ஏட்டளவில் இருந்ததே தவிர, 1708இல் ஆன் அரசிக்குப் பிறகு அதை எவரும் எடுத்தாளவில்லை. ஆகவே ஒரே மன்னர் லண்டனில் ஒருவராகவும் அமெரிக்காவில் வேறொருவராகவும் இருந்தார்; கடலுக்கு அப்பால் அவருடைய அதிகாரம் உயிரோடிருந்தது, மக்களின் பற்றும் அப்படியே இருந்தது.

ஏழாண்டுப் போர் முடிந்த 1763இல் பிரிட்டனின் தேசியக் கடன் ஏறத்தாழ இருமடங்காகியிருந்தது. அமெரிக்காவில் நிறுத்திய படைகளின் செலவில் ஒரு பங்கை அங்கேயே திரட்ட முதலமைச்சர் ஜார்ஜ் கிரென்வில் கொண்டுவந்த முத்திரைச் சட்டம், பத்திரங்கள், செய்தித்தாள்கள், சீட்டுக்கட்டுகள் வரை எல்லாத் தாளுக்கும் வரிமுத்திரையைக் கட்டாயமாக்கியது. 1765 மார்ச்சில் அது சட்டமானபோது மன்னர் நோயுற்றிருந்ததால், அவர் பெயரால் ஆணையர்களே இசைவளித்தனர். கடும் எதிர்ப்புக்குப் பின் மறு ஆண்டே அது நீக்கப்பட்டபோது, குடியேற்றங்கள் நன்றி கூறியது மன்னருக்கும், தங்களுக்காக வாதாடிய வில்லியம் பிட்டுக்கும். நியூயார்க் சட்டமன்றம் இருவருக்கும் சிலை வைக்கத் தீர்மானித்து, லண்டன் சிற்பி ஜோசஃப் வில்டனிடம் அப்பணியை ஒப்படைத்தது. ரோமானியப் பேரரசர் மார்க்கஸ் ஆரீலியஸின் சிலையை முன்மாதிரியாகக் கொண்டு, ஈயத்தில் வார்த்துப் பொன்முலாம் பூசிய மன்னரின் குதிரைச் சிலை 1770 ஆகஸ்டில் பௌலிங் கிரீன் திடலில் திறக்கப்பட்டது. அதே ஆண்டு மார்ச்சில்தான் பாஸ்டன் தெருவில் பிரிட்டிஷ் படையினர் சுட்டு ஐந்து பேர் இறந்திருந்தனர் என்பதை நினைத்துப் பார்த்தால், மன்னரையும் அவருடைய அரசாங்கத்தையும் மக்கள் எவ்வளவு தெளிவாகப் பிரித்துப் பார்த்தனர் என்பது விளங்கும்.

அடுத்த மோதலின் வேர் இந்தியாவிலும் இருந்தது. 1769இல் ஐதர் அலியின் குதிரைப்படை சென்னையின் வாயிலுக்கே வந்து உடன்படிக்கை எழுதவைத்த செய்தி கிழக்கிந்தியக் கம்பெனியின் பங்கு விலையைச் சரித்தது. வங்காளப் பஞ்சமும் 1772இன் கடன் நெருக்கடியும் கம்பெனியைத் திவால் விளிம்புக்குத் தள்ளின. அதன் கிடங்குகளில் தேங்கிய சீனத் தேயிலையை அமெரிக்காவில் நேரடியாக விற்க வழிசெய்த 1773ஆம் ஆண்டுச் சட்டமே, அவ்வாண்டு டிசம்பரில் பாஸ்டன் துறைமுகத்தில் 342 பெட்டித் தேயிலை கடலில் கொட்டப்படக் காரணமாயிற்று. அதற்குத் தண்டனையாக 1774இல் நாடாளுமன்றம் கடுமையான சட்டங்களை இயற்றியது.

இந்தக் கட்டத்தில் குடியேற்றங்களின் வாதம் வியப்பூட்டும் திசையில் திரும்பியது. நாடாளுமன்றத்துக்குத் தங்கள் மீது வரி விதிக்கும் உரிமை இல்லை என்ற பழைய நிலையைக் கடந்து, எந்த உரிமையுமே இல்லை என்று ஜேம்ஸ் வில்சன், தாமஸ் ஜெபர்சன், ஜான் ஆடம்ஸ் ஆகியோர் எழுதத் தொடங்கினர். அவர்கள் கண்ட பேரரசில் மசாசூசெட்ஸும் வர்ஜீனியாவும் பிரிட்டனும் தத்தம் சட்டமன்றங்களைக் கொண்ட சம நாடுகள். அவற்றை இணைக்கும் ஒரே கயிறு மன்னர். அப்படியானால் ஒரு நாட்டின் சட்டமன்றம் இன்னொரு நாட்டை ஒடுக்கச் சட்டம் இயற்றும்போது அதைத் தடுப்பது மன்னரின் கடமையாகிறது. நெடுங்காலம் உறையில் கிடந்த மறுப்பு அதிகாரத்தை மீண்டும் எடுக்குமாறு ஜெபர்சன் 1774இல் மன்னரை வெளிப்படையாகவே கேட்டுக்கொண்டார். முதலமைச்சர் நார்த் பிரபு மறு ஆண்டு நாடாளுமன்றத்தில் இதைச் சரியாகவே சுட்டிக்காட்டினார்: தம் அரசாங்கம் நாடாளுமன்றத்தின் உரிமைக்காக நிற்கிறது, அமெரிக்கர்களோ தாங்கள் மன்னருக்கே உரியவர்கள் என்கிறார்கள் என்பது அவருடைய வாதம்.

மூன்றாம் ஜார்ஜ் அந்த அழைப்பை ஏற்றிருந்தால், நாடாளுமன்றத்தைச் சாராத வருவாயும் படையும் கடலுக்கு அப்பால் கொண்ட மன்னராக ஆகியிருப்பார். பதினேழாம் நூற்றாண்டில் ஸ்டூவர்ட் மன்னர்கள் விரும்பியது இத்தகைய தனியாட்சியையே; முதலாம் சார்லஸ் தலையை இழந்ததும் அதற்காகவே. நாடாளுமன்றத்தோடு இணைந்த முடியாட்சியைப் பிரிட்டனின் பெருமை என்று கற்று வளர்ந்தவர் ஜார்ஜ். 1774 செப்டம்பரிலேயே, குடியேற்றங்கள் அடங்க வேண்டும் அல்லது வெல்ல வேண்டும் என்று நார்த் பிரபுவுக்கு எழுதிவிட்டார். அவருடைய பிடிவாதம் பெருங்கேட்டை விளைவித்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் அப்பிடிவாதம் தம் அதிகாரத்தைப் பெருக்கிக்கொள்ளும் ஆசையிலிருந்து பிறந்ததன்று. நாடாளுமன்றத்துக்கு மேற்பட்டு நிற்க மறுத்ததே அமெரிக்கர்கள் கண்ணில் அவர் செய்த பெரும்பிழை.

1775 ஏப்ரலில் லெக்சிங்டனில் துப்பாக்கிச் சண்டை மூண்ட பிறகும், கான்டினென்டல் காங்கிரஸ் எனப்பட்ட குடியேற்றங்களின் பொது மாநாடு, ஜான் டிக்கின்சன் வடித்த சமாதான மனு ஒன்றை ஜூலையில் மன்னருக்கு அனுப்பியது. பென்சில்வேனியாவை நிறுவிய வில்லியம் பென்னின் பேரர் ரிச்சர்ட் பென் அதை லண்டனுக்கு எடுத்துச் சென்றார். மன்னர் அதைப் பெற மறுத்தார். ஆகஸ்ட் 23 அன்று குடியேற்றங்கள் கிளர்ச்சியில் இறங்கிவிட்டன என்று அறிவித்தார். அக்டோபரில் நாடாளுமன்றத்தில் ஆற்றிய உரையில் அந்நியப் படைகளின் உதவி பற்றியும் பேசினார். அந்த உரை பிலடெல்பியாவை எட்டிய 1776 ஜனவரியிலேயே தாமஸ் பெய்னின் ‘காமன் சென்ஸ்’ என்னும் சிறுநூல் பெயரின்றி வெளியானது. தங்களுக்கு ஓர் அரசன் வேண்டும் என்று இஸ்ரவேலர் கேட்டதைப் பாவமாகக் காட்டும் விவிலியப் பகுதியை எடுத்துக்காட்டி, கெட்ட மன்னர் என்று ஒருவரைக் குறைகூறுவதைக் கடந்து, மன்னராட்சியே தகாதது என்று அந்நூல் வாதிட்டது. ஓராண்டுக்கு முன் யாரும் செவிசாய்த்திராத வாதம் அது. மனு திருப்பப்பட்ட பின்போ அது வீடுதோறும் படிக்கப்பட்டது.

அறுந்த உறவு அந்தக் கோடையில் கண்ணுக்குத் தெரியும் வடிவங்களைப் பெற்றது. பிலடெல்பியாவின் கிறைஸ்ட் சர்ச்சில் ஜூலை 4 அன்றே நிர்வாகக் குழு கூடி மன்னருக்கான மன்றாட்டுகளை நிறுத்தத் தீர்மானித்தது. அங்கிருந்த வழிபாட்டு நூலில் மன்னரைக் குறிக்கும் வரிகள் மையால் அடிக்கப்பட்டன. ஜூலை 9 அன்று நியூயார்க்கில் அமெரிக்கப் படைத்தலைவர் ஜார்ஜ் வாஷிங்டனின் படைகளுக்குப் பிரகடனம் வாசிக்கப்பட்ட மாலையில், கூட்டம் பௌலிங் கிரீனுக்குச் சென்று கயிறு கட்டிச் சிலையை வீழ்த்தியது. ஈயத்தின் பெரும்பகுதி கனெக்டிகட்டின் லிச்ஃபீல்டுக்குக் கொண்டுசெல்லப்பட்டு, ஆலிவர் வால்காட்டின் இல்லத்தில் பெண்களும் சிறுவர்களும் சேர்ந்து வார்த்த 42,088 துப்பாக்கிக் குண்டுகளாக மாறியது. தலையை மட்டும் மன்னர் பற்றாளர்கள் மீட்டு இங்கிலாந்துக்கு அனுப்பினர்.

மன்னரைக் காவலராகக் கருதியவர்கள் அதன் பிறகும் அமெரிக்காவில் இருந்தனர். அப்பலாச்சிய மலைக்கு மேற்கே வெள்ளையர் குடியேறுவதைத் தடைசெய்த 1763ஆம் ஆண்டு அரசாணையால், பூர்வகுடிகள் பலருக்கு மன்னரின் பெயர் ஓரளவேனும் அரணாக இருந்தது. கிளர்ச்சியாளர்களிடமிருந்து தப்பி வந்து தம் படையில் சேரும் அடிமைகளுக்கு விடுதலை என்று வர்ஜீனியாவின் ஆளுநர் டன்மோர் பிரபு 1775 நவம்பரில் அறிவித்ததை நம்பிப் பலர் ஓடிவந்தனர். போர் முடிந்தபோது ஏறத்தாழ 3,000 கறுப்பின மக்கள் நியூயார்க்கிலிருந்து நோவா ஸ்கோஷியாவுக்குக் கப்பலேறினர். விடுதலை வரலாற்றை எழுதும் எவரும் இவர்களைக் கடந்துபோவது நியாயமாகாது.

மன்னர் தம் உரையில் குறிப்பிட்ட அந்நியப் படைகளும் வந்தன; ஜெர்மானியச் சிற்றரசுகளிடமிருந்து பிரிட்டன் கூலிக்கு அமர்த்திய படையினர் ஏறத்தாழ 30,000 பேர். ஹனோவர் நாட்டின் ஆட்சியாளராகவும் ஜார்ஜே இருந்ததால், அங்கிருந்தும் படைகள் கிளம்பின. அவற்றில் இரண்டு பிரிவுகள் கம்பெனிக்காகச் சென்னை வந்திறங்கி, 1783 ஜூனில் கடலூர் முற்றுகையில் பிரெஞ்சுப் படையோடு பொருதின. ஐரோப்பாவில் சமாதானம் ஏற்பட்ட செய்தி எட்டியதும் அந்த முற்றுகை நின்றது. 1781 அக்டோபரில் யார்க்டவுனில் பிரிட்டிஷ் தளபதி கார்ன்வாலிஸ் சரணடைந்து, மறு மார்ச்சில் நார்த் பிரபு பதவி விலகியபோது, முடிதுறப்பதாகவே ஓர் அறிக்கையை ஜார்ஜ் எழுதி, அனுப்பாமல் வைத்துக்கொண்டார். 1785 ஜூனில் புதிய நாட்டின் தூதராக வந்த ஜான் ஆடம்ஸை வரவேற்றபோது, பிரிவினைக்குக் கடைசியாக இசைந்தவர் தாமே என்றும், நட்புக்கு முதலில் கைநீட்டுபவரும் தாமே என்றும் கூறினார்.

மன்னரின் மறுப்பு அதிகாரத்தில் நம்பிக்கை வைத்த வாதம் போரோடு அழிந்துவிடவில்லை. 1787இல் அரசியலமைப்பை வகுக்கக் கூடிய பிலடெல்பியா மாநாட்டில், நாட்டின் தலைமை நிர்வாகிக்கு முழுமையான மறுப்பு அதிகாரம் வேண்டும் என்று முன்மொழிந்தவர்கள் அலெக்சாண்டர் ஹாமில்டனும், 1774இல் மன்னரைக் குடியேற்றங்களின் ஒரே இணைப்பாகக் கண்ட அதே ஜேம்ஸ் வில்சனும். பென்சில்வேனியாவின் ஆளுநர்கள் அந்த அதிகாரத்தைக் காட்டிப் பணம் பறித்ததை நினைவூட்டி முதியவர் பெஞ்சமின் பிராங்க்ளின் எதிர்த்தார். மாநாடு முழு அதிகாரத்தை மறுத்து, இரு அவைகளிலும் மூன்றில் இரு பங்கினர் வாக்களித்தால் கடந்துவிடக்கூடிய வரம்புள்ள அதிகாரத்தைக் குடியரசுத் தலைவருக்கு அளித்தது. 1792 ஏப்ரலில், பிரதிநிதிகள் அவையின் இடங்களை மாநிலங்களுக்குப் பங்கிடும் சட்ட முன்வரைவைத் திருப்பியனுப்பி, குடியரசுத் தலைவரான வாஷிங்டன் அதை முதன்முறையாகப் பயன்படுத்தினார்.