அரச முகமும் நிலைபேற்று வேட்கையும்

எகிப்திய மன்னன் துட்டன்காமுனின் பதனிட்ட உடல் 2005 ஆம் ஆண்டு கணினிக் கதிர்ப்படமாக்கப்பட்டது. ஏறத்தாழ 1,700 படங்கள் கிடைத்தன. அவற்றை ஆதாரமாகக் கொண்டு பிரெஞ்சு, அமெரிக்க, எகிப்தியக் குழுக்கள் மூன்று அவனது முகத்தைத் தனித்தனியே மீளுருவாக்கின. மண்டையோட்டின் அமைப்பில் அம்முகங்கள் ஒத்திருந்தன, மூக்கில் வேறுபட்டன. தோலின் நிறத்தைக் கதிர்ப்படம் காட்டாது. அது கலைஞரின் தெரிவு. நிறம் பற்றிய சர்ச்சை எழுந்தமை வியப்பன்று. அதன்பின் கணினித் திரையிற் பண்டைய மன்னர் பலர் இவ்வாறு முகம் பெற்றுள்ளனர்.

இவ்வாக்கங்களை மனிதகுலத்தின் பொதுவான நிலைபேற்று வேட்கையின் வெளிப்பாடாகக் கொள்வோர் உளர். வேட்கை பொதுவானதாயிருக்கலாம், அதனை நிறைவேற்றும் வாய்ப்புப் பொதுவானதன்று. பொன் முகமூடியும் பாறைக் கல்லறையும் உழவரிடமிருந்து பெறப்பட்ட உபரித் தானியத்தின்மீது எழுந்தவை. அத்தானியம் வரத் தவறியபோது நிகழ்ந்ததையும் நாம் அறிவோம். கி.மு. 12 ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், மூன்றாம் இராம்சேசின் 29 ஆம் ஆட்சியாண்டில், டெய்ர் எல் மெடினா என்னும் ஊரைச் சேர்ந்த அரச கல்லறைத் தொழிலாளர் கூலித் தானியம் கிடையாமையால் வேலையை நிறுத்தினர். பசியென்று கூறி, மூன்றாம் துத்மோசின் கோயிற் புறத்தே சென்று அமர்ந்தனர். தூரின் நகரிலுள்ள பப்பைரசு ஏடொன்று இதனைப் பதிவு செய்துள்ளது. எழுத்துச் சான்றுடைய முதல் வேலைநிறுத்தம் இதுவே என்பர்.

துட்டன்காமுன் நிலைபெற்றமைக்கு அவனது அதிகாரங்கூடக் காரணமன்று. பின்வந்த ஹொரெம்ஹெப் அவனுடைய நினைவுச் சின்னங்களில் தன் பெயரைப் பொறித்தான். பிற்கால அரசர் பட்டியல்கள் அவனை விலக்கின. பண்டைக் கள்வர் ஒன்றிரு முறை புகுந்தபோதிலும் அவனது கல்லறை பெருமளவிற்குத் தப்பியது. ஆறாம் இராம்சேசின் கல்லறையை அகழ்ந்த காலத்துத் தொழிலாளரின் குடிசைகள் அதன் வாயிலை மூடி அமைந்திருந்தன. 1922 இல் ஹவார்ட் கார்ட்டர் அக்குடிசைகளின் எச்சங்களை அகற்றிய பின்னரே முதற்படி தென்பட்டது. மன்னனின் இன்றைய முகத்துக்கு நாம் முதலிற் கடன்பட்டிருப்பது அக்குடிசைகளுக்கே. அங்கு உறங்கியோரின் முகம் நமக்குத் தெரியாது.

எனினும், நிலைபேற்று வேட்கையை ஆளும் வர்க்கத்தின் கருத்துநிலை மாத்திரமே என நம்மவரிற் சிலர் ஒதுக்கிவிடுவது அவசரமான முடிபாகும். இரண்டாம் இராம்சேசின் 40 ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த சுண்ணக்கற் சில்லொன்று பிரித்தானிய நூதனசாலையில் உள்ளது. கல்லறைத் தொழிலாளர் வேலைக்கு வராத நாட்களும் அவற்றின் காரணங்களும் அதில் எழுதப்பட்டுள்ளன: தேட்கடி, கண்ணோய், பியர் காய்ச்சுதல். ஒரு தொழிலாளி வராதிருந்தமைக்குக் காரணம், தன் தாயின் சடலத்துக்குத் துணி சுற்றியமை.