பத்திரத்தில் எழுதிய விலை

அரசு எடுத்துக்கொள்ளும் நிலத்துக்கு என்ன விலை தருவது என்ற கேள்விக்குச் சென்னை மாகாணத்தில் 1852-ஆம் ஆண்டுச் சட்டம் ஒரு நடைமுறையை வகுத்தது. நான்கு ஆண்டுகளில் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடுக்கு ரயில் ஓடத் தொடங்கியது. இருப்புப்பாதை நீள நீள நஞ்சையும் புஞ்சையும் துண்டுபட்டன. 1857-இல் பிரிட்டிஷ் இந்தியா முழுமைக்கும் ஒரே சட்டம் வந்தது. தகராறு எழுந்தால் விலையை நடுவர்கள் முடிவு செய்தார்கள். 1870-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த வேலையை மதிப்பீட்டாளர்கள் துணையோடு நீதிமன்றத்திடம் கொடுத்தது. அடுத்து வந்த 1894-ஆம் ஆண்டுச் சட்டம் நூறாண்டுக்கு மேல் நீடித்து, ‘நில ஆர்ஜிதம்’ என்ற சொல்லைக் கிராமங்கள் அஞ்சும் சொல்லாக்கியது.

அந்தச் சட்டத்தில் கலெக்டர் விலையை நிர்ணயித்துத் தீர்வம் பிறப்பிப்பார். அதை ஏற்காதவர், குறித்த கெடுவுக்குள் எழுதிக் கொடுத்து நீதிமன்றத்துக்கு அனுப்பச் சொல்லலாம். சந்தை மதிப்போடு, கட்டாயமாக எடுப்பதற்காக 15 சதவீத ஆறுதல் தொகை சேரும். நிலத்தைப் பிரிய உழவருக்கு மனமில்லை என்பதைக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்று சட்டமே சொன்னது. தலைமுறைகளாக உழுத மண்ணுக்கும் நேற்று வாங்கிய மனைக்கும் அளவுகோல் ஒன்றுதான்.

அந்த அளவுகோல் பக்கத்து நிலத்தின் விற்பனைப் பத்திரம். கோளாறு அங்கேதான் தொடங்கியது. முத்திரைத்தாள் செலவைக் குறைக்க, கைமாறிய பணத்தைவிடக் குறைவான தொகையைப் பத்திரத்தில் எழுதுவது ஊர்வழக்கமாக இருந்தது. வாங்குகிறவரும் விற்கிறவரும் சம்மதித்து எழுதிய அந்தப் பொய்த்தொகை, அந்தப் பேரத்தில் தொடர்பே இல்லாத அண்டை உழவரின் நிலத்துக்கு விலையாகிவிட்டது. போதாததற்கு, 1984 வரை, உழவர் கோரிய தொகைக்கு மேல் நீதிமன்றமும் தர முடியாது. தெரியாமல் குறைத்துக் கேட்டவருக்கு அதுவே உச்சவரம்பு.

நிலம் இன்று எப்படி இருக்கிறது என்பதோடு நாளை என்னவாகக்கூடும் என்பதற்கும் மதிப்பு உண்டு என்று நிறுவிய வழக்கு, அன்றைய சென்னை மாகாணத்து விசாகப்பட்டினத்திலிருந்து லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. துறைமுகத்தை அடுத்த நிலம் ஒன்றில் வற்றாத ஊற்று இருந்தது. அந்தத் தண்ணீரை வாங்கக்கூடியவர் துறைமுக நிர்வாகம் ஒருவரே என்றாலும் அதற்குரிய மதிப்பைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்று 1939-இல் தீர்ப்பானது.

சென்னை அரசோ 1961-இல் எதிர்த்திசையில் நடந்தது. வீட்டுவசதிக்காக எடுக்கும் நிலத்துக்கு, எடுப்பு அறிவிக்கை வெளியான நாளின் மதிப்பு, முந்தைய ஐந்தாண்டுச் சராசரி ஆகிய இரண்டில் எது குறைவோ அதைத் தந்தால் போதும், ஆறுதல் தொகை 5 சதவீதம் என்று சட்டத்தைத் திருத்தியது. வேறு பொதுப்பணிக்கு எடுத்தால் முழு விலை, வீடு கட்ட எடுத்தால் குறைந்த விலை என்ற இந்தப் பாகுபாட்டுக்கு நியாயம் ஏதும் இல்லை. வஜ்ரவேலு முதலியார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1964-இல், சமத்துவ உரிமைக்கு முரணானது என்று அதைச் செல்லாததாக்கியது.

1984-ஆம் ஆண்டுத் திருத்தம் ஆறுதல் தொகையை 30 சதவீதமாக்கி, அறிவிக்கை நாளிலிருந்து ஆண்டுக்கு 12 சதவீதக் கூடுதல் தொகையும் சேர்த்தது. ஒருவர் வழக்காடி உயர்த்திய விலையை, அதே அறிவிக்கையில் நிலம் இழந்து வழக்குக்குப் போகாதவர்களும் கேட்டுப் பெற வழி திறந்தது. வக்கீல் வைக்க வசதியற்ற சிறு உழவருக்கு இதைவிடப் பெரிய உதவி அந்தச் சட்டத்தில் வேறில்லை.

2014 ஜனவரி 1-இல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டம், பத்திரப் பொய்யை நேரடியாக எதிர்கொண்டது. மூன்றாண்டுப் பத்திரங்களில் விலை கூடிய பாதியை மட்டும் எடுத்துச் சராசரி காண வேண்டும். முத்திரைச் சட்டப்படியான மதிப்பு அதைவிடக் கூடுதல் என்றால் அதையே கொள்ள வேண்டும். கிராமப்புற நிலமானால் அந்தத் தொகையை 1 முதல் 2 வரையான எண்ணால் பெருக்கி, 100 சதவீத ஆறுதல் தொகை சேர்ப்பார்கள். ஆக, கிராம நிலத்துக்குச் சந்தை மதிப்பைப்போல் நான்கு மடங்கு வரை கிடைக்கலாம். நிலத்தை நம்பிப் பிழைத்த குத்தகைதாரரும் விவசாயக் கூலிகளும் பாதிக்கப்பட்டோர் பட்டியலில் இடம்பெற்றார்கள். முன்பு பட்டாதாரர் தொகையை வாங்கிக்கொண்டு போனபின் அவர்கள் வெறுங்கையோடு நின்றார்கள்.

தமிழ்நாடு தன் நெடுஞ்சாலைச் சட்டம், தொழில் நோக்கத்துக்கான நில எடுப்புச் சட்டம், ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கான நில எடுப்புச் சட்டம் ஆகிய மூன்றுக்கும், 2014-இல் நடைமுறைக்கு வந்த இந்தப் புதிய சட்டத்திலிருந்து விலக்குப் பெற்றது. இழப்பீட்டுக் கணக்கு அவற்றுக்கும் பொருந்தும். எடுக்கும் முன் நடத்த வேண்டிய சமூகத் தாக்க மதிப்பீடு பொருந்தாது. சென்னை உயர் நீதிமன்றம் 2019-இல் அவற்றைச் செல்லாதென்றது. அதே ஆண்டு சட்டமன்றம் அவற்றுக்கு மீண்டும் உயிர் கொடுத்தது. 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது.