அந்த 512 கிலோபைட்

இந்த எபிசோடு ஒரு எரர் மெசேஜ்ல இருந்து ஆரம்பிக்குது.

போன மே மாசம் எங்க வீட்டுப் பரண்ல இருந்து ஒரு ஷூ டப்பா இறங்குச்சு. உள்ள 11 பிளேஸ்டேஷன் டிஸ்க். அதுல 10, மார்க்கர் பேனால பேர் எழுதின காப்பி. அந்தக் காலத்துல சென்னைல எனக்குத் தெரிஞ்ச எல்லார் வீட்லயும் அப்படித்தான், இதுல மறைக்க ஒண்ணுமில்ல. ஒண்ணே ஒண்ணு ஒரிஜினல்: டெக்கன் 3. அத்தை சிங்கப்பூர்ல இருந்து வாங்கிட்டு வந்தது. பக்கத்துலயே அந்த சாம்பல் கலர் கன்சோலும் இருந்துச்சு. பிளக்ல போட்டேன். உயிரே இல்ல.

அண்ணன் பொண்ணு லீவுக்கு வந்திருந்தா. "நீயும் அப்பாவும் இதுலயா விளையாடுவீங்க?"ன்னு கேட்டா. சரி, கன்சோல் செத்தா என்ன, லேப்டாப் இருக்கே, எமுலேட்டர் போட்டுக் காட்டலாம்னு உட்காந்தேன். பக்கத்து வீட்ல ஒரு யுஎஸ்பி சிடி டிரைவ் கடன் வாங்கினேன். எமுலேட்டர் டவுன்லோடு ஆச்சு, கன்ட்ரோலர் செட் ஆச்சு, டிஸ்க் சுத்த ஆரம்பிச்சது. அப்ப திரையில ஒரு வரி: பயாஸ் ஃபைல் கிடைக்கல.

அந்த ஃபைலோட அளவு வெறும் 512 கிலோபைட். இன்னிக்கு நாம வாட்ஸ்அப்ல அனுப்புற ஒரு குட் மார்னிங் படம்கூட அதைவிடப் பெருசா இருக்கலாம். எமுலேட்டர் செஞ்சவங்க இவ்வளவும் இலவசமா கொடுத்துட்டு, அந்தத் துக்கடா ஃபைலை மட்டும் ஏன் கொடுக்கல? தேடினா ஆயிரம் இடத்துல கிடைக்குது. ஆனா இவங்க மட்டும் "உங்க கன்சோல்ல இருந்து நீங்களே எடுத்துக்கோங்க"ன்னு சொல்றாங்க. அதுக்குப் பின்னாடி ஒரு கோர்ட் கேஸ் இருக்கு. இன்னிக்குக் கதை அதுதான்.

முதல்ல பயாஸ்னா என்னன்னு பாத்துடலாம். ஒரு கல்யாண மண்டபத்தை நினைச்சுக்கோங்க. சமையல் காண்ட்ராக்டர் ஊர்ல இருக்குற எந்த மண்டபத்துக்கும் போவார். தண்ணி எங்க வரும், கேஸ் லைன் எங்க, ஜெனரேட்டர் சுவிட்ச் எதுன்னு அவருக்குத் தெரியாது. மண்டப மேனேஜர்கிட்ட கேட்பார், அவர் செஞ்சு கொடுப்பார். கேம்தான் அந்தக் காண்ட்ராக்டர். மண்டபம் கன்சோல். மேனேஜர்தான் பயாஸ். டிஸ்க்ல இந்த இடத்தைப் படி, மெமரி கார்டுல இதை எழுதுன்னு கேம் கேட்கும், பயாஸ் செஞ்சு தரும்.

எமுலேட்டர்ங்கறது அச்சு அசலா அதே மாதிரி ஒரு மண்டபத்தை உங்க கம்ப்யூட்டருக்குள்ள கட்டுறது. பிளேஸ்டேஷன்ல இருந்தது மிப்ஸ் வகை பிராசசர், வேகம் சுமார் 33.9 மெகாஹெர்ட்ஸ், மெமரி 2 மெகாபைட். நம்ம லேப்டாப் பிராசசர் பேசுற பாஷையே வேற. கேம் சொல்ற ஒவ்வொரு கட்டளையையும் அந்த பாஷையில இருந்து இந்த பாஷைக்கு உடனுக்குடன் மாத்தணும். மண்டபம் கட்டுறது கஷ்டமான வேலைதான், ஆனா அதுல சட்டச் சிக்கல் ரொம்ப இல்ல. சிக்கல் மேனேஜர்கிட்டதான். அவர் சோனியோட ஆள். பயாஸ்ங்கறது சோனி எழுதின மென்பொருள், அதுக்கு காப்புரிமை உண்டு.

ஒரு சின்ன விலகல். எமுலேட்டர்ன்னாலே திருட்டு சமாச்சாரம்னு ஒரு பேச்சு இருக்கு. ஆனா இதைப் பெரிய அளவுல வியாபாரம் ஆக்கினது ஐபிஎம். 1964ல சிஸ்டம்/360 கம்ப்யூட்டரை அறிவிச்சப்ப, பழைய 1401 மெஷினுக்கு எழுதின புரோகிராம்களும் அதுல ஓடும்னு சொல்லித்தான் வித்தாங்க. இல்லன்னா எந்த பேங்க் தன் கணக்கு புரோகிராமை எல்லாம் முதல்ல இருந்து எழுதிட்டு உட்காரும்? சரி, கதைக்கு வருவோம்.

பிளேஸ்டேஷன் 1994 டிசம்பர் 3 அன்னிக்கு ஜப்பான்ல வந்தது, அடுத்த வருஷம் செப்டம்பர்ல அமெரிக்காவுல. கன்சோல் வியாபாரத்துல லாபம் கேம் விக்கிறதுலயும், அந்த மேடையில கேம் வெளியிட மத்த கம்பெனிகள் கட்டுற கட்டணத்துலயும்தான். அதனால மேடை நம்ம கையிலயே இருக்கணும்னு சோனி நினைச்சது இயல்புதான்.

கனெக்டிக்ஸ்னு கலிஃபோர்னியாவுல ஒரு சின்ன கம்பெனி. மேக் கம்ப்யூட்டர்ல விண்டோஸ் ஓட்டுற வர்ச்சுவல் பிசி இவங்க செஞ்சதுதான். 1998 ஜூலையில பிளேஸ்டேஷனை மேக்ல ஓட்டுற வேலையை ஆரம்பிச்சாங்க. ஒரு கன்சோலைக் கடையில காசு கொடுத்து வாங்கி, உள்ள இருந்த சிப்ல இருந்து பயாஸை எடுத்து, கம்ப்யூட்டர்ல போட்டு, அது எப்படி நடந்துக்குதுன்னு கவனிச்சாங்க. கட்டிட்டு இருக்குற மண்டபம் சரியா இருக்கான்னு பாக்க அசல் மேனேஜரையே கொஞ்ச நாள் கூட்டிட்டு வந்து உட்கார வெச்ச மாதிரி. அப்புறம் அவர் செய்ற வேலையெல்லாம் செய்யத் தெரிஞ்ச வேற ஒருத்தரைத் தயார் பண்ணாங்க, அதாவது தங்களோட சொந்த பயாஸை எழுதினாங்க. அந்தக் குழுவுல இருந்த ஏரன் ஜைல்ஸ்தான் பின்னாடி ஆர்கேட் கேம்களுக்கான மேம் எமுலேட்டர் திட்டத்தைப் பல வருஷம் வழிநடத்தினவர்.

எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம், இவங்க ஒளிஞ்சு வேலை செய்யல. அதே வருஷம் செப்டம்பர்ல நேரா சோனிகிட்டயே போய் தொழில்நுட்ப உதவி கேட்டாங்க. சோனி முடியாதுன்னுட்டாங்க. இவங்க விடல, மேக் வெர்ஷனை முடிச்சுட்டாங்க.

1999 ஜனவரி, சான் பிரான்சிஸ்கோவுல மேக்வேர்ல்ட் விழா. மேடையில ஸ்டீவ் ஜாப்ஸ். வர்ச்சுவல் கேம் ஸ்டேஷனை அறிமுகப்படுத்துறார். விலை 49 டாலர். மேக்ல கேமே இல்லன்னு எல்லாரும் கிண்டல் அடிச்சுட்டு இருந்த காலம் அது, அரங்கம் எப்படி இருந்திருக்கும்னு நீங்களே நினைச்சுக்கோங்க. அந்த மாசம் முடியறதுக்குள்ள சோனி வழக்கு போட்டாச்சு. (அதே ஜனவரியில நின்டெண்டோ 64ஐ கம்ப்யூட்டர்ல ஓட்டுற அல்ட்ராஎச்எல்இ-யும் இணையத்துல வந்து, சீக்கிரமே செஞ்சவங்களே அதை எடுத்துட்டாங்க. கன்சோல் கம்பெனிகளுக்கு அது தூக்கம் வராத மாசம்.)

இப்ப வழக்கைக் கவனிங்க. கடையில வித்த மென்பொருள்ல சோனியோட கோடு ஒரு வரிகூட இல்ல. அப்ப சோனி எதைத் திருட்டுன்னு சொல்றாங்க? நடுவுல எடுத்த காப்பியை. ஆராய்ச்சி பண்றப்ப பயாஸைத் திரும்பத் திரும்ப காப்பி எடுத்தீங்களே, அது காப்புரிமை மீறல்னு வாதம். ஏப்ரல்ல கீழ்கோர்ட் அதை ஏத்துக்கிட்டு விற்பனைக்குத் தடை போட்டது. சின்ன கம்பெனிக்கு அது கழுத்துல கத்தி. கன்சோலுக்கு வயசாகிட்டே போகுது, அடுத்த தலைமுறை பிளேஸ்டேஷன் 2 வரப்போகுது, இவங்க பொருள் கடைக்கே போக முடியல.

மேல்முறையீடு ஒன்பதாவது வட்டார நீதிமன்றத்துக்குப் போச்சு. 2000 பிப்ரவரி 10 அன்னிக்குத் தீர்ப்பு வந்தது, கீழ்கோர்ட் தடையைத் தூக்கிட்டாங்க. அந்தத் தீர்ப்பை நான் படிச்சேன், நீதிபதிகள் விஷயத்தை நல்லாவே புரிஞ்சுக்கிட்டு எழுதியிருக்காங்க. பயாஸ் சிப்புக்குள்ள அடைச்சு வெச்சிருக்கு. வெளிய இருந்து பாத்தா அது என்ன வேலை செய்யுதுன்னு தெரியாது. தெரிஞ்சுக்கணும்னா காப்பி எடுத்துப் பாத்தே ஆகணும். ஒரு மென்பொருள் என்ன வேலை செய்யுதுங்கறதுக்கு காப்புரிமை கிடையாது, எழுதப்பட்ட விதத்துக்குத்தான் உண்டு. அப்ப அந்த வேலையைத் தெரிஞ்சுக்க எடுக்குற இடைக்கால காப்பி, நியாயமான பயன்பாடு. 1992லயே சேகா - அக்கோலேட் வழக்குல இதே நீதிமன்றம் இந்த வழியைத் திறந்து வெச்சிருந்தது.

சோனி இன்னொண்ணும் சொன்னாங்க: ஒரு தடவை காப்பி எடுத்தா பரவால்ல, இவங்க எத்தனை தடவை எடுத்திருக்காங்க பாருங்கன்னு. அதுக்கு நீதிமன்றத்தோட பதிலைச் சுருக்கமா சொன்னா, இன்ஜினியர் எத்தனை தடவை காப்பி எடுத்தார்னு எண்ணி, சுத்தி வளைச்சு வேலை செஞ்சவரை நல்லவராவும் சுலபமா செஞ்சவரை திருடனாவும் பாக்க முடியாது. தன் கேம் ஓடுற மெஷின் சந்தையும் தன் கையிலயே இருக்கணும்னு சோனி ஆசைப்படுறது புரியுது, ஆனா காப்புரிமைச் சட்டம் அந்த ஏகபோகத்தைக் கொடுக்கலன்னும் சொல்லிட்டாங்க. சோனி உச்ச நீதிமன்றத்துக்குப் போனாங்க. அங்க வழக்கை எடுத்துக்கவே இல்ல.

சின்ன கம்பெனி ஜெயிச்சது, சுபம்னு முடிக்க ஆசைதான். ஆனா 2001 மார்ச்ல சோனி அந்த வர்ச்சுவல் கேம் ஸ்டேஷனையே கனெக்டிக்ஸ்கிட்ட இருந்து விலைக்கு வாங்கி, மூடிட்டாங்க. கோர்ட்ல நிறுத்த முடியாததை செக் எழுதி நிறுத்தியாச்சு.

இதே காலத்துல விண்டோஸுக்கு பிளீம்னு இன்னொண்ணு இருந்துச்சு. ரெண்டு பேர் ஆரம்பிச்சது: டேவிட் ஹெர்போல்ஷைமர், ராண்டி லிண்டன். லிண்டன், டூம் கேமை சூப்பர் நின்டெண்டோவுல ஓட வெச்ச ஆள். சோனி இவங்க மேலயும் வழக்கு போட்டாங்க. விளம்பரத்துல, டிவியில கேம் எப்படித் தெரியுது, எங்க மென்பொருள்ல எப்படித் தெரியுதுன்னு பக்கத்துல பக்கத்துல படம் போட்டதுகூட ஒரு வழக்கு. 2000 மே மாசம் அதுலயும் பிளீமுக்குச் சாதகமாத்தான் தீர்ப்பு. ஆனா ஒவ்வொரு தீர்ப்புக்கும் வக்கீல் ஃபீஸ் உண்டே. 2001 நவம்பர்ல பிளீம் மூடியாச்சு. எனக்கு கனெக்டிக்ஸ் கதையைவிட இதுதான் அதிகமா வலிக்குது. கனெக்டிக்ஸாவது வித்துட்டுக் கிளம்பிட்டாங்க, இவங்க ஜெயிச்சு ஜெயிச்சே தீர்ந்து போனாங்க.

ரெண்டு கம்பெனியும் போச்சு. தீர்ப்பு மட்டும் தங்கிடுச்சு. அதுக்கப்புறம் வந்த பெரும்பாலான எமுலேட்டர்கள் காசுக்கு இல்லாம, ஆர்வலர்கள் கூடி எழுதினது. அவங்க கையாளுற எல்லைக்கோடும் இதுதான்: மண்டபத்தை நாங்க கட்டுவோம், சோனியோட மேனேஜரை நாங்க கொடுக்க மாட்டோம். என் லேப்டாப்ல வந்த எரர் மெசேஜ், அந்தக் கோட்டுமேலதான் நிக்குது.

நம்ம ஊர்லயும் இதுக்கு ஒரு சட்டம் இருக்கு. 1957 காப்புரிமைச் சட்டத்துல 1999ல ஒரு திருத்தம் வந்தது. முறைப்படி ஒரு புரோகிராமை வெச்சிருக்கிறவர், தனியா எழுதப்பட்ட இன்னொரு புரோகிராம் அதோட சேர்ந்து வேலை செய்யத் தேவையான தகவலை, வேற வழியில சுலபமா கிடைக்கலன்னா, எடுத்துப் பாக்கலாம்னு 52ஆம் பிரிவுல சேர்த்தாங்க. அமெரிக்காவுல கனெக்டிக்ஸ் கோர்ட்ல நின்ன அதே வருஷம்.

இந்தக் கதையில எனக்கு சிரிப்பு வந்த இடம் ஒண்ணு இருக்கு. 2018 டிசம்பர் 3, பிளேஸ்டேஷனுக்கு 24 வயசு. சோனி, பிளேஸ்டேஷன் கிளாசிக்னு உள்ளங்கை சைஸ்ல ஒரு பெட்டி விட்டாங்க, உள்ள 20 கேம். அதை ஓட்டுறதுக்கு சோனி எடுத்துக்கிட்டது பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு. வெளியாட்கள் எழுதி, எல்லாருக்கும் திறந்து வெச்ச எமுலேட்டர். உரிமக் குறிப்புல அவங்களே போட்டிருக்காங்க.

இதுல என்ன பெரிய விஷயம், பழைய கேம்தானேன்னு கேட்கலாம். 2023 ஜூலையில வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் ஒரு ஆய்வு வெளியிட்டாங்க. 2010க்கு முன்னாடி அமெரிக்காவுல வந்த கேம்கள்ல 87 சதவீதம் இப்ப கடையில காசு கொடுத்து வாங்குற நிலையிலயே இல்ல. டிஸ்க் கீறல் விழும், லேசர் தேயும். நாங்க கன்சோலைத் தலைகீழா கவுத்து வெச்சு ஓட்டின ஆட்கள். உள்ள லேசர் ஓடுற பிளாஸ்டிக் தேஞ்சுட்டா அப்படி வெச்சாத்தான் டிஸ்க் படிக்கும். உலகம் பூரா பசங்க இதே வைத்தியத்தைக் கண்டுபிடிச்சிருக்காங்கன்னு எனக்கு ரொம்ப லேட்டாத்தான் தெரிஞ்சது.

சரி, என் லேப்டாப்புக்கு வர்றேன். ஓபன்பயாஸ்னு ஒண்ணு இருக்கு. ஆர்வலர்களே எழுதி இலவசமா விட்ட மாற்று மேனேஜர், சோனி கோடு கிடையாது. அதைப் போட்டேன். டெக்கன் 3 ஓடுச்சு. அண்ணன் பொண்ணு முதல் ரவுண்ட்லயே என்னை அடிச்சுத் தள்ளினா, எந்த பட்டனை அழுத்துறோம்னே தெரியாம. சந்தோஷத்துல அண்ணனுக்கு வீடியோ கால் போட்டு, முதல்ல இருந்து மறுபடி ஆரம்பிச்சுக் காட்டினேன்.

அவன் பாத்துட்டே இருந்தான். "எல்லாம் சரி, அந்த சத்தம் எங்க?"ன்னான்.

கன்சோலை ஆன் பண்ணதும் வெள்ளைத் திரையில சோனி பேர் வரும்போது ஒரு கனமான ஓசை வருமே, அது. அப்பா தூங்கறப்ப விளையாடணும்னா அந்த ஒரு நிமிஷம் டிவி சவுண்டை அமுக்கி வெப்போம், அதே சத்தம். கேம் இருக்கறது டிஸ்க்ல. அந்தச் சத்தம் இருக்கறது பயாஸ்ல, சோனி எழுதின அந்த 512 கிலோபைட்டுக்குள்ள. மாற்று மேனேஜருக்கு மண்டபத்து வேலை எல்லாம் தெரியும், பழைய மேனேஜரோட குரல் மட்டும் வராது.

ஒரு கிளிக்ல டவுன்லோடு பண்ணியிருக்கலாம். பண்ணல. கன்சோலைத் துணிப்பையில போட்டு ரிச்சி ஸ்ட்ரீட்டுக்கு எடுத்துட்டுப் போனேன். மூணு கடையில சிரிச்சாங்க. நாலாவது கடைக்காரர் ஸ்க்ரூவைக் கழட்டிப் பாத்துட்டு, "பவர் போர்டுதான் போயிருக்கு, மெயின் போர்டு நல்லா இருக்கு, ரெண்டு வாரம் கழிச்சு வாங்க"ன்னார். ஆன் ஆனதும் பயாஸை அதுல இருந்தே எடுத்துக்கலாம். இன்னும் அஞ்சு நாள் இருக்கு.