நான்கடிக் கவியும் அதன் தொடரும்

கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று முதலிய ஊர்களின் முஸ்லிம் மக்களிடையே வழங்கிய நாட்டார் பாடல்களுள் 'கவி' எனப்படுவது தனித்து நோக்கத்தக்கது. நான்கு அடிகளில் முடிந்துவிடும் இச்சிறு பாட்டு, பக்கவாத்தியம் எதுவுமின்றி, அடியிறுதியை நீட்டி இசைக்கப்படுவது. அச்சில் காண்போர் அதனைத் தன்னளவில் முழுமைபெற்ற தனிப்பாட்டாகவே கொள்வர். அது பாதி உண்மையே.

இவ்வூர்களில் குடிமனைகள் கடலையண்டிய மணற்பரப்பில் நெருங்கியிருக்க, நெல்வயல்கள் மேற்கே அகன்று கிடக்கின்றன. விதைப்பு முதல் சூடு மிதிப்பு வரை ஆடவர் வட்டையிலேயே வாடி அமைத்துத் தங்குவர். யானைக்கும் பன்றிக்கும் காவலாகப் பரணில் விழித்திருந்தவன் பாடிய கவிக்கு அடுத்த பரணிலிருந்து விடைக்கவி வரும். மச்சானும் மச்சியும், தாயும் மகளும் கவியாலேயே உரையாடுவதாகப் பாடுதலும் வழக்கு. தாய்வழிக் குடிமுறை நிலவிய இச்சமூகத்தில் மச்சான் மணமுறை உரிமையுள்ள உறவினன். ஆதலின், வெளிப்படச் சொல்லக் கூசுவதையும் உறவுப் பெயரின் நிழலில் சொல்ல இயன்றது.

மச்சானை வரவேண்டாம் எனத் தடுக்கும் கவியொன்றைக் கொள்வோம். தனியே நின்றால் அது வெறுப்பு; தாயின் கண்டிப்புக்குப் பின் வரின் அச்சம்; மச்சானின் கேலிக்குப் பின் வரின் அழைப்பே. குறுந்தொகைப் பாடல்களுக்கு இன்னார் கூற்று எனக் குறிப்பெழுதியோர் இத்தன்மையை அறிந்தவர்கள். திருக்கோவையாரும் 400 பாடல்களை முதற்காட்சி தொடங்கி ஒரே காதலொழுக்கமாகக் கோத்துத் தருகிறது.

மேனாட்டு றொக் இசையிலும் இதற்கு ஒப்புமை உண்டு. பிங்க் புளோயிட் குழுவினர் 1979 இல் வெளியிட்ட 'த வோல்' என்னும் இரட்டை இசைத்தட்டின் 26 உருப்படிகளும் ஒரு பாடகனின் கதையைத் தொடர்ந்து சொல்வன. அவற்றுள் 'ஸ்டொப்' என்பது ஏறத்தாழ 30 விநாடிகளே நீள்வது. தான் குற்றவாளிதானோ என ஐயுறும் அக்குரல், அடுத்துவரும் விசாரணைப் பாட்டுக்கு வாயிலாய் நின்றே பொருள்பெறுகிறது; தனியே கேட்பவனுக்கு அது அறுந்ததொரு முனகல். ஆயினும் இசைத்தட்டில் வரிசை மாறுவதில்லை. கவியையோ வேறு வேறு தொடர்களில், வேறு வேறு வாய்களில் பொருத்திப் பாடலாம். எந்தக் கவிக்கு எதனை விடையாக எடுப்பது என்னும் தேர்விலேயே பாடுவோரின் புலமை இருந்தது எனலாம்.

வி. சீ. கந்தையாவின் 'மட்டக்களப்புத் தமிழகம்' (1964) இப்பகுதி நாட்டுப் பாடல்களுக்கு இடமளித்தது. நிந்தவூர் எஸ். முத்துமீரான் முஸ்லிம் கிராமங்களின் கவிகளைத் தேடித் தொகுத்தார். இத்தகையோர் முயலாவிடின் நான்கடிகள்கூட எஞ்சியிரா. எனினும் காதல், தாலாட்டு எனப் பொருள்வாரியாகக் கவிகளைப் பகுத்து அச்சிடும்போது, எது எதற்கு விடை என்பது நழுவிவிடுகிறது.

பாடும் சூழலும் நில்லாது மாறிற்று. 1949 இல் தொடங்கிய கல்லோயாத் திட்டம் காட்டை அழித்து வயலாக்கியது. எருமைகள் மிதித்த சூட்டை உழவு இயந்திரம் மிதிக்கலாயிற்று. 1983 முதல் 2009 வரை நீடித்த போர்க்காலத்தில் இரவில் வட்டையில் தங்குவதே அஞ்சத்தக்கதாயிற்று. பரணும் விடைக்கவியும் இவ்வாறே அருகின. இனி ஒலிப்பதிவுக் கருவியுடன் செல்வோர், பாடும் மூதாட்டியிடம் கவியின் சொற்களைக் கேட்பதோடு அமையாது, அதற்கு மச்சான் என்ன சொன்னான் என்றும் கேட்டுக் குறித்தல் வேண்டும்.